ஆட்டுனா தண்ணி ஏறுற சைஃபன் ஓஸ்: மூணு மாசம் யூஸ் பண்ணிட்டு எழுதறேன்

இந்த ஓஸை வாங்கி மூணு மாசம் ஆச்சு. வாங்கின மறுநாளே எழுதியிருந்தா சூப்பர்னு ஒரு வார்த்தையில முடிச்சிருப்பேன், அது வாங்கப் போறவங்களுக்கு எந்த விதத்துலயும் உதவாது, அதான் நல்லா யூஸ் பண்ணிப் பாத்துட்டு இப்ப உக்காந்து எழுதறேன். கொஞ்சம் நீளமா போகும், பொறுத்துக்கோங்க.

முக்கால் இஞ்ச் சைஸ், ஆறு அடி நீளம், 450 ரூபா. கொத்தனார் மட்டம் பாக்கற லெவல் டியூப் இருக்குல்ல, அதே மாதிரி உள்ள இருக்கறது தெரியற பிவிசி டியூப், ஆனா அதைவிட தடிமன். ஒரு முனையில கட்டைவிரலை விட கொஞ்சம் தடியா ஒரு பித்தளை மூக்கு. அந்த மூக்குக்குள்ள ஒரு சின்ன குண்டு கிடக்கு, கையில எடுத்து ஆட்டினா கிலுகிலுப்பை மாதிரி சத்தம் வரும். மோட்டார் கிடையாது, பேட்டரி கிடையாது, அமுக்கற பம்பு கூட கிடையாது. மூக்கைத் தண்ணிக்குள்ள விட்டு மேலயும் கீழயும் வெடுக் வெடுக்குனு ஏழெட்டு தடவை ஆட்டணும், தண்ணி டியூப்ல ஏறி விளிம்பைத் தாண்டி அந்தப் பக்கம் இறங்கிடும், அதுக்கப்புறம் தண்ணி தானா ஓடிக்கிட்டே இருக்கும் (இப்படி வளைஞ்ச குழாய்ல மேல ஏறி கீழ இறங்கி தானா ஓடறதைத் தான் சைஃபன்னு சொல்றது), கையை எடுத்துட்டு போய் வேற வேலை பாக்கலாம்.

முதல்ல அந்த ஒரு ஸ்டார் விஷயத்தைப் பேசிடறேன். வாங்கறதுக்கு முன்னாடி மத்தவங்க போட்ட ரிவ்யூ எல்லாம் படிச்சேன், ஒரு ஸ்டார் குடுத்தவங்கள்ல பாதிப் பேர் சொன்னது ஒரே விஷயம் தான், சம்ப்ல விட்டு ஆட்டி ஆட்டி கை வலிச்சது தான் மிச்சம், ஆட்டும்போது கொஞ்சம் கொட்டுது நிறுத்தினா நின்னுடுதுனு. அவங்க சொல்றது உண்மை, அப்படித்தான் ஆகும். சம்ப் தரைக்குக் கீழ இருக்கு, தண்ணியை தரைக்கு மேல விடப் பாக்கறாங்க, அந்த வேலையை எந்த சைஃபனும் செய்யாது. வெளிய விடற முனை உள்ள இருக்கற தண்ணி மட்டத்தை விடக் கீழ இருந்தா மட்டும் தான் இது ஓடும். நடுவுல எவ்வளவு மேல ஏறி இறங்கினாலும் பரவால்ல (அதுக்கும் ஒரு அளவு இருக்கு, பின்னாடி சொல்றேன்), ஆனா கடைசி முனை கீழ தான் இருக்கணும். விக்கறவங்க இதுக்கு பம்புனு பேர் போட்டு விக்கறாங்க, அது பெரிய தப்பு, ஏன்னா பம்புனு படிச்சா யாருக்கும் கீழேருந்து மேல தூக்கும்னு தானே தோணும். அந்த ஒரு வரியை பாக்கெட் மேல எழுதியிருந்தா எத்தனையோ பேரோட காசு மிச்சமாகியிருக்கும்.

நான் இதை ஏன் தேடி வாங்கினேன்னா அப்பாவால தான். நான் எட்டாவது படிக்கும்போது வீட்ல ரேஷன் மண்ணெண்ணெய், அந்த நீலக் கலர் எண்ணெய், 20 லிட்டர் கேன்ல இருக்கும். அதுலேருந்து ஸ்டவ்வுக்கு ஊத்த அப்பா ஒரு டியூபை உள்ள விட்டு மறுமுனையில வாயை வச்சு உறிஞ்சி, எண்ணெய் வர்ற நேரத்துக்கு டக்குனு வாயை எடுத்துட்டு பாட்டில்ல விடுவாரு. பல வருஷமா அப்படித்தான் செஞ்சாரு. ஒரு நாள் சாயந்திரம் கரண்ட் இல்ல, இருட்டுல டியூபுக்குள்ள எண்ணெய் எங்க வருதுனு தெரியல, ஒரு வாய் உள்ள போயிடுச்சு. அப்ப வந்த இருமல் சத்தம் எனக்கு இன்னும் காதுல இருக்கு. அம்மா பதறிப்போய் உப்புத் தண்ணி கரைச்சுக் குடுத்து வாந்தி எடுக்க வைக்கப் போனாங்க, நல்லவேளையா பக்கத்து வீட்டு சித்தப்பா தடுத்து ஆஸ்பத்திரிக்குக் கூட்டிட்டுப் போனாரு. அங்க டாக்டர் சொன்னது தான் முக்கியம், மண்ணெண்ணெய் பெட்ரோல் மாதிரி விஷயம் வயித்துக்குள்ள போறதை விட நுரையீரலுக்குள்ள போறது தான் ரொம்ப ஆபத்து, வாந்தி எடுக்க வச்சா மேல வரும்போது திரும்பவும் நுரையீரலுக்குள்ள இறங்க சான்ஸ் இருக்கு, அதனால வாந்தி எடுக்க வைக்கவே கூடாது, நேரா ஆஸ்பத்திரிக்கு வரணும். அப்பாவுக்கு நாலு நாள் காய்ச்சலும் நெஞ்சு வலியும் இருந்து அப்புறம் சரியாச்சு. சின்னக் குழந்தைங்களா இருந்தா இது உயிருக்கே வந்துடும்.

அதனால யார் டியூப்ல வாயை வச்சாலும், அது வெறும் தொட்டித் தண்ணியா இருந்தாலும், எனக்கு மனசு கேக்காது. போன வருஷம் என் தம்பி பைக்லேருந்து பெட்ரோல் எடுக்க அதே மாதிரி உறிஞ்சறதைப் பாத்ததும் அன்னிக்கு ராத்திரியே தேட ஆரம்பிச்சேன். (இந்த ஓஸை நான் பெட்ரோலுக்கு யூஸ் பண்ணல, பண்ணவும் சொல்ல மாட்டேன், பிளாஸ்டிக் டியூப்ல பெட்ரோல் ஓடும்போது ஸ்டேட்டிக் சார்ஜ் சேரும், அதுக்குனு தனியா வர்ற ஓஸ் தான் சரி.)

இப்ப எங்க வீட்டு வேலை என்னன்னா, பின்னாடி துணி துவைக்கற இடத்துல ஒரு சிமென்ட் தொட்டி, மூணு அடி நீளம், அகலமும் ஆழமும் ரெண்டரை அடி, ரொம்பினா 500 லிட்டருக்கு மேல பிடிக்கும். கட்டினவர் அடியில வச்ச ஓட்டை அடைச்சுப் போய் பல வருஷம் ஆச்சு. எங்க ஊர்ல தண்ணி எட்டு நாளைக்கு ஒரு தடவை தான் விடறாங்க, அதனால தொட்டியில தண்ணி நின்னுக்கிட்டே இருக்கும், கொசுப்புழு வந்துடும். காலி பண்ணணும்னா வாளியால மொண்டு ஊத்தணும், முப்பத்தஞ்சு வாளி, அம்மாவுக்கு இடுப்பு போயிடும். இப்ப ஓஸ் போட்டு மறுமுனையை சாக்கடை வாய்க்கால்ல விட்டுட்டா அரை மணி நேரத்துல காலி.

எப்படி ஆட்டணும்ங்கறதைக் கொஞ்சம் விவரமா சொல்றேன், ஏன்னா முதல் தடவை எனக்கே வரல. மூக்கு முழுசா முங்கியிருக்கணும், ஆட்டும்போது தண்ணிக்கு வெளிய வரவே கூடாது. கீழ குத்தும்போது உள்ள இருக்கற குண்டு மேல எழும்பி வழி விடும், தண்ணி உள்ள ஏறும். மேல இழுக்கும்போது குண்டு கீழ உக்காந்து வழியை அடைச்சுடும், ஏறின தண்ணி திரும்ப இறங்க முடியாது. அடுத்த குத்துல இன்னும் கொஞ்சம் ஏறும். டியூப் கண்ணாடி மாதிரி இருக்கறதால இது அப்படியே கண்ணுல தெரியும், ஒவ்வொரு குத்துக்கும் அரை ஜாண் அரை ஜாணா ஏறி விளிம்புக்கு வந்து அங்க ஒரு நொடி தயங்கி நிக்கும், அடுத்த குத்துல அந்தப் பக்கம் சரிஞ்சு சரசரனு இறங்கும். பாதிக் குழாய் இறங்கினதுமே கையில ஒரு இழுப்பு தெரியும், அதுக்கப்புறம் ஆட்ட வேண்டாம். மெதுவா ஆட்டினா வராது, வேகமா குட்டையா ஆட்டணும், வீச்சு நாலு விரக்கடை போதும்.

வேகம் எவ்வளவுனு ஒரு நாள் போன்ல டைமர் வச்சுப் பாத்தேன். தொட்டி ரொம்பியிருக்கும்போது, 15 லிட்டர் வாளியோட வாய்கிட்ட ஓஸைப் பிடிச்சா, அதுக்கும் தொட்டித் தண்ணி மட்டத்துக்கும் வித்தியாசம் 45 சென்டிமீட்டர், வாளி 46 செகண்ட்ல ரொம்புச்சு. தண்ணி இறங்கி வித்தியாசம் 11 சென்டிமீட்டர் ஆனப்ப அதே வாளிக்கு 1 நிமிஷம் 35 செகண்ட். உயரம் நாலுல ஒரு பங்காச்சு, நேரம் ரெண்டு மடங்கு தான் ஆச்சு. இது எதேச்சையா வந்த கணக்கு இல்ல, உயர வித்தியாசத்தோட வர்க்கமூலத்துக்கு ஏத்த மாதிரி தான் வேகம் இருக்கும், இத்தாலிக்காரர் டாரிசெல்லி 1644-லயே எழுதி வச்ச விதி. பத்தாவதுல படிச்சு மார்க் வாங்கி மறந்து போன விஷயம் வாளிக்குள்ள வந்து நின்னப்ப நிஜமாவே சந்தோஷமா இருந்துச்சு. அதனால வேகம் வேணும்னா பெரிய தொட்டி தேவையில்ல, வெளிய விடற முனையை இன்னும் கீழ இறக்குங்க, அது போதும். நான் வாளியை விட்டுட்டு வாய்க்கால்ல இறக்கினதும் ஓட்டம் எகிறிடுச்சு.

தண்ணி எப்படி தானா மேல ஏறுதுனு அம்மா கேட்டாங்க. அதுக்கு கொடியில போட்ட ஈரச் சேலையைத் தான் காட்டினேன். ரெண்டு பக்கமும் சமமா தொங்கினா அது பாட்டுக்குக் கிடக்கும். ஒரு பக்கம் ஒரு முழம் கூடத் தொங்குச்சுன்னா அந்தப் பக்கமா வழுக்க ஆரம்பிச்சு, குட்டையா இருக்கற பக்கம் கொடி மேல ஏறி, கடைசில மொத்த சேலையும் மண்ணுல கிடக்கும். யாரும் தூக்கி விடல, நீளமாத் தொங்கற பக்கத்தோட எடை மத்தப் பக்கத்தை இழுத்துடுது. சைஃபனும் அதே தான், ஓடற வேகத்தைத் தர்றது பூமியோட இழுப்பு. அம்மா உடனே கேட்டாங்க, "சேலை நூலால நெய்ஞ்சது, அறுந்து போகாது, தண்ணி அறுந்துடாதாப்பா?" நான் வாயடைச்சுப் போனேன், ஏன்னா விஷயத்தோட மையமே அந்தக் கேள்வி தான். தண்ணி அறுந்து போகாம பாத்துக்கறது நம்ம தலைக்கு மேல இருக்கற காத்து. தொட்டித் தண்ணி மேல காத்து அமுக்கிக்கிட்டே இருக்கு, அதனால வளைவோட உச்சியில வெற்றிடம் வர விடாம தண்ணியை மேல தள்ளி நிரப்பிக்கிட்டே இருக்கும். அந்த அமுக்கலால கடல் மட்டத்துல தண்ணியை 10 மீட்டர் சொச்சம் வரைக்கும் தான் தாங்கிப் பிடிக்க முடியும், அதுக்கு மேல வளைவு போனா உச்சியில தண்ணி ஆவியாகி அறுந்துடும். நடைமுறையில ஏழு எட்டு மீட்டர் தாண்டினாலே சிரமம். பாதரசமா இருந்தா 76 சென்டிமீட்டர் தான். முன்னாடி சொன்ன அளவு இது தான்.

இதுல பெரிய பெரிய ஆளுங்களே குழம்பியிருக்காங்க. ஆக்ஸ்போர்டு ஆங்கில அகராதியில 1911-லேருந்து சைஃபன் காத்தழுத்தத்தால ஓடுதுனு தான் போட்டிருந்தாங்க. 2010-ல ஆஸ்திரேலியால குயின்ஸ்லாந்து யூனிவர்சிட்டி ஆஃப் டெக்னாலஜியில இயற்பியல் சொல்லித் தர்ற ஸ்டீஃபன் ஹியூஸ் தான் அதைக் கவனிச்சு, ஓட்டம் ஈர்ப்பு விசையால வருது, மாத்துங்கனு எழுதினாரு. அந்த நாட்டுல முர்ரே ஆத்துலேருந்து வத்திப் போன பானி ஏரிக்கு ரெண்டு மாசத்துல ஆயிரம் கோடி லிட்டர் தண்ணியை சைஃபன் குழாய்லயே கொண்டு போனாங்க, அதைப் பத்தி எழுத உக்காந்தப்ப தான் அகராதியைப் புரட்டியிருக்காரு. தொண்ணூத்தொம்பது வருஷம் யாரும் கேக்கல. எங்க அம்மா ஒரே நிமிஷத்துல கேட்டாங்கனு நினைக்கறப்ப பெருமையா இருந்துச்சு.

சைஃபன்ங்கறது கிரேக்க வார்த்தை, அர்த்தம் குழாய், அவ்வளவு தான். அதனால குழாய் மாதிரி இருக்கற பல விஷயத்துக்கு இந்தப் பேர் வச்சுட்டாங்க. எங்க தொட்டியிலயே ரெண்டு சைஃபன் இருக்கு, ஒண்ணு நான் விடற ஓஸ், இன்னொண்ணு கொசுப்புழுவோட வால் பக்கம் இருக்கற மூச்சுக் குழாய், அதுக்கும் பேர் சைஃபன் தான். தலை கீழா தொங்கிக்கிட்டு அந்தக் குழாய் நுனியை மட்டும் தண்ணிப் பரப்புல வச்சு மூச்சு விடும், நம்ம நிழல் விழுந்ததும் நெளிஞ்சு நெளிஞ்சு கீழ ஓடும். டெங்கு பரப்பற ஏடிஸ் கொசுவோட புழுவுக்கு அந்தக் குழாய் குட்டையா குண்டா இருக்கும், சாக்கடைக் கொசு க்யூலெக்ஸுக்கு நீளமா ஒல்லியா இருக்கும், மலேரியா பரப்பற அனோஃபிலஸுக்கு குழாயே கிடையாது, அதனால அது தண்ணிப் பரப்புலயே படுத்த மாதிரி மிதக்கும். டார்ச் அடிச்சுப் பாத்தா தொங்குதா படுத்திருக்கானு வெறும் கண்ணாலயே தெரியும். இன்னொரு விஷயம் கண்டிப்பா சொல்லணும், தொட்டியை சைஃபன் போட்டு காலி பண்ணிட்டா வேலை முடிஞ்சதுனு விட்டுடாதீங்க. ஏடிஸ் முட்டையை தண்ணியில போடாது, தண்ணி மட்டத்துக்கு மேல ஈரச் சுவத்துல ஒட்டி வைக்கும், அது காஞ்சு கிடந்தாலும் மாசக்கணக்குல உயிரோட இருந்து அடுத்து தண்ணி ஏறினதும் பொரிச்சுடும். அதனால வாரம் ஒரு தடவை காலி பண்ணி, தேங்கா நாரோ பிரஷோ வச்சு சுவத்தை அழுத்தித் தேய்ச்சுட்டு அப்புறம் தான் நிரப்பணும்.

கணவாய் மீன் கழுவறவங்களுக்கு தெரிஞ்சிருக்கும், தலைக்குக் கீழ ஒரு புனல் மாதிரி இருக்கும், அதுவும் சைஃபன் தான், அதுலேருந்து தண்ணியைப் பீச்சி தான் அது பின்னாடி பாயும். இதெல்லாம் பேருக்கு சைஃபன், நம்ம ஓஸ் வேலை செய்யற விதம் வேற.

நிஜமான சைஃபன் வீடு முழுக்க இருக்குங்கறது இந்த ஓஸ் வந்தப்புறம் தான் என் கண்ணுல பட ஆரம்பிச்சுது. அகல் விளக்குல திரி நுனி வெளிய நீட்டி தொங்கிட்டு இருந்தா காலையில விளக்குக்கு அடியில எண்ணெய் தேங்கி நிக்கும் பாருங்க, விளக்கு ஓட்டைனு நினைச்சு எத்தனை விளக்கை ஒதுக்கி வச்சிருப்போம். திரி எண்ணெயை உறிஞ்சி விளிம்பு வரைக்கும் ஏத்துது, வெளிய தொங்கற நுனி எண்ணெய் மட்டத்தை விடக் கீழ இருந்தா சொட்ட ஆரம்பிச்சுடும். திரியை விளிம்பு மேல மட்டும் நிக்கற மாதிரி இழுத்து விட்டா நின்னுடும். ஊருக்குப் போகும்போது செடித் தொட்டிக்கு ஒரு வாளித் தண்ணியை உயரத்துல வச்சு பழைய பருத்தித் துணியை கயிறா முறுக்கி ஒரு நுனியை தண்ணியிலயும் இன்னொரு நுனியை மண்ணுலயும் வச்சா சொட்டு சொட்டா ஊறிக்கிட்டே இருக்கும், அதுவும் இதே தான்.

மாடி வீட்டு அக்காவோட வாஷிங் மெஷின் கதை தனி. தண்ணி விழுந்துக்கிட்டே இருக்கு, ஆனா ரொம்பவே மாட்டேங்குது, சர்வீஸுக்கு வந்தவர் வால்வு மாத்தணும்னு சொல்லிட்டுப் போயிட்டாரு. "தம்பி நீ கொஞ்சம் வந்து பாரேன்"னு கூப்டாங்க. போய்ப் பாத்தா டிரெயின் ஓஸை கொக்கியிலேருந்து கழட்டி தரையில இருக்கற ஓட்டைக்குள்ள ஆழமா சொருகி வச்சிருக்காங்க. மேல விழற தண்ணி அத்தனையும் அந்த ஓஸ் வழியா சைஃபன் ஆகி வெளிய போயிட்டு இருக்கு. ஓஸைத் தூக்கி மெஷின் உயரத்துக்கு சுவத்துல கட்டி, நுனி காத்துல இருக்கற மாதிரி வச்சோம், பத்து நிமிஷத்துல ரொம்பி ஓட ஆரம்பிச்சுது. எல்லா மெஷின்லயும் இந்தக் காரணம்னு சொல்லல, ஆனா காசு செலவு பண்றதுக்கு முன்னாடி ஓஸ் எங்க தொங்குதுனு ஒரு தடவை பாருங்க.

மீன் தொட்டி வச்சிருக்கவங்க ஒண்ணு கவனிக்கணும். ஏர் பம்ப்பை தண்ணி மட்டத்தை விடக் கீழ வச்சிருந்தா கரண்ட் போனதும் தண்ணி அந்த மெல்லிய டியூப்ல பின்னாடி ஏறி சைஃபன் ஆகி பம்ப்புக்குள்ள வந்து தரைக்கு இறங்கிடும். எங்க வீட்ல ஒரு ராத்திரி கரண்ட் போய் காலையில பாத்தா கால் தொட்டி தண்ணி தரையில, பம்ப் செத்துப் போச்சு, ரெண்டு மீன் மேலாக்க கிடந்துச்சு. பத்து இருபது ரூபாய்க்கு நான்-ரிட்டர்ன் வால்வு (தண்ணி பின்னாடி திரும்பி வராம தடுக்கற வால்வு) கிடைக்குது, டியூபுக்கு நடுவுல மாட்டிடுங்க, இல்லைனா பம்ப்பை தொட்டியை விட உயரத்துல ஆணி அடிச்சு மாட்டுங்க. அதே மாதிரி தெருக் குழாய்லேருந்து வர்ற ஓஸை வாளிக்குள்ள முங்கற மாதிரி போட்டு வைக்காதீங்க, தண்ணி விடறது திடீர்னு நின்னா வாளியில இருக்கற அழுக்குத் தண்ணி பின்னாடி இழுத்து குடிதண்ணி லைனுக்குள்ள போயிடும், அந்தத் தண்ணியை குடிக்கப் போறது நாமளும் பக்கத்து வீடும் தான். ஓஸ் நுனிக்கும் தண்ணிக்கும் நடுவுல ஒரு ஜாண் இடைவெளி இருக்கணும்.

தாத்தா வீட்ல சங்கிலி இழுக்கற இரும்பு ஃபிளஷ் டேங்க் இருந்துச்சு. சங்கிலியை இழுத்து விட்டா உள்ள இருக்கற மணி மாதிரி கவிழ்ந்த இரும்பு மேல போய் தொப்னு விழும், அது தள்ளற தண்ணி நடுக்குழாயைத் தாண்டி வழிஞ்சதும் சைஃபன் பிடிச்சுக்கும், சங்கிலியை விட்டாலும் மொத்த டேங்கும் காலியாகி கடைசில காத்து இழுத்து ஒரு பெரிய உறுமல் விடும். சின்ன வயசுல அந்த உறுமலுக்கு பயந்து ஓடுவோம். ஓஸ்ல கடைசித் தண்ணி போகும்போது அதே உறுமல் சின்னதா கேக்குது.

இதே தத்துவத்துல தான் பழைய தானியங்கி மழைமானியும் ஓடும். மழை விழ விழ மிதவை ஏறி பேனா தாள்ல கோடு போட்டுக்கிட்டே மேல போகும், 10 மில்லிமீட்டர் மழை சேந்ததும் சைஃபன் பிடிச்சு மொத்தத்தையும் வடிச்சுடும், பேனா நேரா கீழ இறங்கி பூஜ்யத்துல நின்னு திரும்ப ஏறும். கோடு எத்தனை தடவை விழுந்திருக்குனு எண்ணினா எத்தனை பத்து மில்லிமீட்டர் பேஞ்சுதுனு தெரிஞ்சுடும், ராத்திரி கண் முழிச்சு யாரும் பக்கத்துல நிக்க வேண்டாம். அணையிலயும் வச்சிருக்காங்க. சத்தீஸ்கர்ல 1923-ல கட்டி முடிச்ச முரம்சில்லி அணையில சைஃபன் மதகு இருக்கு. கர்நாடகால ஷராவதி ஆத்துல ஹிரேபாஸ்கரா அணையில கணேஷ் ஐயர்னு மைசூர் இன்ஜினியர் வடிவமைச்ச புனல் மாதிரி சைஃபன் வச்சாங்க, தண்ணி ஒரு மட்டத்தைத் தாண்டினதும் சுழிச்சுக்கிட்டு உள்ள இறங்கி ஆள் இல்லாமலே வடிய ஆரம்பிச்சுடும். லிங்கனமக்கி அணை வந்தப்புறம் அந்த அணையே முங்கிப் போச்சு, நீர்மட்டம் ரொம்ப இறங்கற வருஷத்துல தான் வெளிய தெரியும். அப்படி ஒரு வருஷம் போய் நேர்ல பாக்கணும்னு ஆசை.

சரி, ஓஸுக்கு வர்றேன். குறைகள் இருக்கு.

ஆறு அடி பத்தாது. தொட்டிக்குள்ள ரெண்டரை அடி, வெளிய ரெண்டரை அடி, வளைவுக்கு கொஞ்சம் போனா வாய்க்கால் வரைக்கும் எட்டவே எட்டாது. நான் ஹார்டுவேர் கடையில அதே சைஸ்ல நாலு அடி டியூப் வாங்கி ஜாயின்ட் போட்டு கிளாம்ப் இறுக்கினேன். ஜாயின்ட்ல காத்து உள்ள போய்க்கிட்டே இருந்தா சைஃபன் நின்னுடும், அதனால முதல்லயே பத்து அடி வாங்கிடுங்க, விலை கொஞ்சம் தான் கூட.

வெயில்ல டியூப் இளகிடுது. மத்தியானம் தொட்டி விளிம்புல வளையற இடம் நசுங்கி மடிஞ்சு ஓட்டம் பாதியா குறைஞ்சுது. பழைய பைப்பை ஒரு ஜாண் நீளத்துக்கு வெட்டி நெடுக்கா பிளந்து விளிம்பு மேல குதிரைச் சேணம் மாதிரி கவுத்து அதுமேல டியூபைப் போட்டேன், இப்ப மடியறதில்ல. கம்பெனிக்காரங்களே ஒரு வளைவு குடுத்திருக்கலாம்.

மூக்குல ஃபில்டர் இல்ல. தொட்டி அடியில இருக்கற மண்ணும் இலையும் குண்டுக்கு அடியில மாட்டிக்கிட்டா ஆட்டினாலும் ஏறாது, கழட்டி அலசணும். பழைய நைலான் சாக்ஸ் நுனியை மாட்டி ரப்பர் பேண்ட் போட்டு வச்சிருக்கேன், வேகம் கொஞ்சம் குறையுது, அடைப்பு வரல. அடியில சேந்த சேறையே எடுக்கணும்னா சாக்ஸைக் கழட்டிட்டு மூக்கை ஒரு குச்சியில கட்டி அடியை ஒட்டி மெதுவா நகத்துங்க, சேறு டியூப்ல பழுப்பா ஏறிப் போறது தெரியும். மாடி சின்டெக்ஸ் டேங்க்லயும் இப்படித்தான் எடுத்தேன், அதோட அவுட்லெட் அடியிலேருந்து ரெண்டு இஞ்ச் மேல இருக்கறதால அந்த வண்டல் வருஷக்கணக்கா அப்படியே கிடந்திருக்கு, இன்னும் டியூப் சேத்து மறுமுனையை மாடியிலேருந்து கீழ தோட்டத்துக்கு இறக்கினதும் வந்த வேகம் பாக்கணும்.

தண்ணி மூணு நாலு இஞ்சுக்குக் கம்மியா இருந்தா ஆட்டி ஆரம்பிக்க முடியாது, மூக்கு முங்காது. ஓட ஆரம்பிச்சிருந்தா கடைசி ஒரு விரக்கடை வரைக்கும் இழுத்துடும். அதனால தண்ணி நிறைய இருக்கும்போதே ஆரம்பிச்சுடுங்க.

மீன் தொட்டிக்கு இந்த பித்தளை மூக்கு வேண்டாம். பித்தளையில செம்பு இருக்கு, செம்பு இறால், நத்தை மாதிரி ஜீவனுக்கு விஷம். மீன் தொட்டிக்குனு பிளாஸ்டிக்ல அகலமான முனையோட தனியா வருது, அதை கூழாங்கல்லுக்குள்ள குத்தினா கல்லு மேல எழும்பி கீழ விழும், அழுக்கு மட்டும் வெளிய போகும். அதை வாங்குங்க.

புது டியூப்ல பிளாஸ்டிக் வாடை ரொம்ப அடிக்குது, ரெண்டு வாரம் ஆச்சு போறதுக்கு. குடிதண்ணி, சமையல் எண்ணெய் எதுக்கும் இதை யூஸ் பண்ணாதீங்க.

நான் நாலு ஸ்டார் குடுக்கறேன். ஒண்ணு குறைச்சது பம்புனு பேர் போட்டதுக்கும் ஆறு அடியில விக்கறதுக்கும். அரை இஞ்ச் சைஸ் விலை கம்மினு அதை எடுக்காதீங்க, தம்பி வீட்ல அது தான் இருக்கு, அதே தொட்டியில அதே உயரத்துல அதே வாளிக்கு ரெண்டு நிமிஷம் ஆச்சு. அப்பா போன வாரம் தொட்டியைக் காலி பண்ண அவரே ஓஸை எடுத்துட்டுப் போனாரு, பழக்க தோஷத்துல டியூப் நுனியை வாய்கிட்ட கொண்டு போய், அப்புறம் கையைக் கீழ இறக்கி மூக்கைத் தண்ணியில விட்டு ஆட்டினாரு, நாலாவது ஆட்டுலயே வந்துடுச்சு.